எர்னஸ்ட் லேமன்: படத்துக்குப் பத்து ஆஸ்கர், எழுதியவருக்கு மட்டும் இல்லை

பழையரீல்

போன ஞாயிறு மழை. வெளியே போக வழியில்லாமல் 'வெஸ்ட் சைட் ஸ்டோரி' (1961) படத்தை மறுபடி போட்டுப் பார்த்தேன். பார்த்த கையோடு இந்த இழையைத் தொடங்குகிறேன்.

அந்தப் படம் 11 ஆஸ்கர் பரிந்துரை வாங்கி, 10 விருதைத் தட்டிக்கொண்டு போனது. கைநழுவிய ஒன்று எது தெரியுமா? திரைக்கதை. துணை நடிகர், துணை நடிகை, உடை, ஒலி, படத்தொகுப்பு என்று எல்லாரும் வாங்கினார்கள். இயக்குநர் விருதை இரண்டு பேர் பங்கு போட்டுக்கொண்டார்கள். அதிலும் ஒருவரான ஜெரோம் ராபின்ஸைப் படப்பிடிப்பின் நடுவிலேயே வீட்டுக்கு அனுப்பியிருந்தார்கள். அவருக்கும் கிடைத்தது. எழுதிய எர்னஸ்ட் லேமனுக்கு மட்டும் இல்லை. அந்த வருடத் திரைக்கதை விருது 'ஜட்ஜ்மென்ட் அட் நியூரம்பெர்க்' எழுதிய ஏபி மானுக்குப் போனது.

யார் இந்த லேமன் என்று கேட்பவர்களுக்கு: 'சப்ரினா', 'தி கிங் அண்ட் ஐ', 'நார்த் பை நார்த்வெஸ்ட்', 'தி சவுண்ட் ஆஃப் மியூசிக்' எல்லாம் இவர் எழுதியவை. 'ஹூஸ் அஃப்ரெய்ட் ஆஃப் வர்ஜீனியா வுல்ஃப்?' படத்துக்கு எழுத்தும் தயாரிப்பும் இவரே. காதல் நகைச்சுவை, குத்துச்சண்டை வீரனின் கதை, துரத்தல், பாட்டுப் படம், விடியவிடியக் குடித்துச் சண்டை போடும் கணவன் மனைவி என்று எதைக் கொடுத்தாலும் செய்தார். ஆறு பரிந்துரை. போட்டியில் ஜெயித்தது ஒன்றுகூட இல்லை.

இப்படி எல்லாவற்றையும் எழுதத் தெரிந்த ஆளுக்குத் தனக்கென்று ஒரு முத்திரை உண்டா, இல்லை கொடுத்த வேலையை நறுக்கென்று முடிக்கும் கைகாரரா? உங்கள் கருத்தைச் சொல்லுங்கள்.

இடைவேளைமுறுக்கு

2008ல் திவாலான வங்கி லேமனா சார்? இல்லை, பெண் வேஷம் போட்ட அந்த ஜாக் லெமனா?

பழையரீல்

இரண்டும் இல்லை தம்பி. 1915ல் நியூயார்க்கில் பிறந்து, 2005ல் லாஸ் ஏஞ்சலீஸில் காலமானவர். வங்கிக்கும் அவருக்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை.

கல்லாப்பெட்டி

கேட்டதால் சொல்கிறேன், கோபித்துக்கொள்ள வேண்டாம். பட்டியலைப் பாருங்கள். 'வெஸ்ட் சைட் ஸ்டோரி' மேடையில் ஓடி ஜெயித்த நாடகம். 'சவுண்ட் ஆஃப் மியூசிக்' அதேதான். 'கிங் அண்ட் ஐ' அதேதான். 'ஹலோ, டாலி!' அதேதான். 'வர்ஜீனியா வுல்ஃப்' எட்வர்ட் ஆல்பியின் நாடகம். அடுத்தவர் கட்டிய வீட்டுக்கு வெள்ளையடித்தவருக்குக் கொத்தனார் பட்டம் தரலாமா?

ஆல்பியே கிண்டல் செய்திருக்கிறார். என் நாடகத்தில் லேமன் புதிதாகச் சேர்த்தது இரண்டே வரி, ஒன்று "சாலையோரக் கடைக்குப் போகலாம்", இன்னொன்று "அங்கிருந்து திரும்பலாம்" என்ற அர்த்தத்தில். அந்த இரண்டு வரிக்கு இத்தனை பெரிய சம்பளமா என்று கேட்டார். எனக்கு அதில் ஞாயம் தெரிகிறது.

தாரா_எஸ்

கல்லாப்பெட்டி சார், மேடை நாடகத்தைப் படமாக்குவது வெள்ளையடிப்பது இல்லை. சுவரை இடித்து ஜன்னலை இடம் மாற்றுகிற வேலை. நான் பாட்டுப் படிக்கிறவள், அதனால் பாட்டை வைத்தே சொல்கிறேன்.

'வெஸ்ட் சைட் ஸ்டோரி' மேடை வடிவத்தில் 'கூல்' என்ற பாட்டு சண்டைக்கு முன்னால் வரும். பையன்கள் கொதித்துக்கொண்டிருக்கிறார்கள், தலைவன் ரிஃப் அடக்குகிறான். போலீஸ்காரர் க்ரப்கியைக் கேலி செய்யும் பாட்டு சண்டைக்குப் பின்னால், இரண்டாவது பாதியில் வரும். அதாவது இரண்டு பேர் கத்திக்குத்தில் செத்துக் கிடக்கிறார்கள், அப்புறம் கூட்டாளிகள் கோமாளித்தனம் பண்ணிப் பாடுகிறார்கள். மேடையில் அதுவும் ஓடியது, இறுக்கத்தைத் தளர்த்தும் என்று கணக்கு. ஆனால் திரையில் கேமரா முகத்துக்குப் பக்கத்தில் போய் நிற்கிறதே. நண்பன் செத்த அரைமணி நேரத்தில் அந்த முகம் சிரித்தால் யார் தாங்குவார்கள்?

படத்தில் இரண்டையும் இடம் மாற்றிவிட்டார்கள். கேலிப்பாட்டு முன்னால், விளையாட்டுப் பருவத்திலேயே முடிந்துவிடுகிறது. 'கூல்' சாவுக்குப் பின்னால் வருகிறது. ரிஃப் உயிரோடு இல்லை, வேறொருவன் பாடுகிறான். கார் நிறுத்தும் கொட்டகை, தாழ்ந்த கூரை, வண்டி விளக்கு வெளிச்சம். அடங்குடா அடங்குடா என்று சொல்லிக்கொண்டே வெடிக்கப் பார்க்கிறார்கள். பாட்டில் பெரிய மாற்றம் இல்லை, மெட்டு அதே மெட்டு. நின்ற இடம் மாறியதும் பாட்டுக்கு வேறு உயிர் வந்துவிட்டது. இது எழுத்து இல்லையென்றால் எது எழுத்து?

'சவுண்ட் ஆஃப் மியூசிக்'கிலும் இதே வேலைதான். மேடையில் 'மை ஃபேவரிட் திங்ஸ்' பாட்டை மரியா மடத்துத் தலைவியோடு பாடுவாள். இடிமின்னலுக்குப் பயந்து பிள்ளைகள் அவள் கட்டிலுக்கு ஓடிவரும்போது அவள் பாடுவது ஆட்டிடையன் பாட்டு. படத்தில் 'ஃபேவரிட் திங்ஸ்' அந்த இடிமின்னல் ராத்திரிக்கு வந்தது. பயந்த பிள்ளைக்குப் பிடித்ததையெல்லாம் சொல்லிக் காட்டு என்பது எந்த வீட்டிலும் நடப்பதுதானே. ஆட்டிடையன் பாட்டு பொம்மலாட்டத்துக்குப் போனது. பெரியவர்கள் பாடும் நையாண்டிப் பாட்டு இரண்டைக் கழற்றிவிட்டார்கள். இப்போது மேடை வடிவத்தைக் கேட்டால் எனக்கு அதுதான் தப்பாகத் தெரிகிறது.

இடைவேளைமுறுக்கு

அக்கா, இதைப் படித்துவிட்டு 'கூல்' மட்டும் போய்ப் பார்த்தேன். உண்மைதான். கொட்டகைக் கூரை தலையில் இடிக்கும் போலிருக்கிறது.

நடுஇருக்கை

தாரா அவர்கள் சொன்னதோடு ஒன்று. 'சவுண்ட் ஆஃப் மியூசிக்' தொடக்கத்தில் மலைக்கு மேலே பறந்து வந்து மரியாவிடம் கேமரா இறங்குகிறதே, அது லேமன் எழுதிக்கொடுத்த தொடக்கம். இயக்குநர் ராபர்ட் வைஸுக்கு அதில் கூச்சம். ஏனென்றால் நாலு வருடம் முன்னால் இதே இருவரும் 'வெஸ்ட் சைட் ஸ்டோரி'யை நியூயார்க்குக்கு மேலே பறந்துதான் தொடங்கியிருந்தார்கள். செய்ததையே செய்கிறான் என்பார்களே என்று வேறு யோசனை கேட்டிருக்கிறார். இதைவிட நல்லது லேமனுக்குத் தோன்றவில்லை, அதுவே நின்றது. மரியாவாக நடித்த ஜூலி ஆண்ட்ரூஸ்தான் பாவம். ஒவ்வொரு முறையும் ஹெலிகாப்டர் திரும்பிப் போகும்போது அந்தக் காற்றில் புல்லில் விழுந்து எழுந்திருக்கிறார்.

அந்தப் படத்தை ஒப்புக்கொண்டதற்கே லேமனைச் சுற்றியிருந்தவர்கள் ஒரு மாதிரி பார்த்தார்களாம். ஃபாக்ஸ் நிறுவனம் 'கிளியோபாட்ரா' செலவில் மூழ்கிக்கொண்டிருந்த 1962 கடைசி அது. அப்புறம் நடந்தது ஊருக்கே தெரியும். 10 பரிந்துரை, சிறந்த படம் உட்பட 5 விருது, 'கான் வித் த விண்ட்' வசூல் சாதனையை முறியடித்தது. அந்தப் பத்துப் பரிந்துரையிலும் திரைக்கதை கிடையாது, கவனியுங்கள்.

கல்லாப்பெட்டி

இடம் மாற்றுவதும் திறமைதான், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அதை இயக்குநர் சொல்லிச் செய்தாரா, இவரே செய்தாரா என்று எப்படித் தெரியும்? முழுக்க இவர் தலையிலிருந்து வந்த ஒன்றைக் காட்டுங்கள்.

பழையரீல்

காட்டுகிறேன். ஹாலிவுட் போவதற்கு முன்னால் லேமன் நியூயார்க்கில் இர்விங் ஹாஃப்மன் என்ற விளம்பரதாரரிடம் வேலை பார்த்தார். தன் கட்சிக்காரர்களின் பெயரைப் பத்திரிகைப் பத்தியாளர்களின் காதில் போட்டு அச்சில் வரவைப்பதுதான் அந்தத் தொழில். அந்தக் காலத்தில் வால்டர் வின்செல் மாதிரி ஒரு பத்தியாளர் ஒரு வரி எழுதினால் ஒருவன் பிழைப்பான், இன்னொரு வரி எழுதினால் தொலைவான். அந்த உலகத்தின் அழுக்கையெல்லாம் பக்கத்தில் இருந்து பார்த்தவர், ஒரு குறுநாவலாக எழுதி 1950ல் காஸ்மோபாலிட்டன் இதழுக்குக் கொடுத்தார். தலைப்பில் 'நாற்றம்' மாதிரியான சொல் வேண்டாம் என்று ஆசிரியர் தலைப்பை மாற்றிப் போட்டார். வெற்றியின் இனிய வாடை என்ற பழைய தலைப்பு படத்துக்குத்தான் திரும்பி வந்தது. 1957ல் வந்த 'ஸ்வீட் ஸ்மெல் ஆஃப் சக்ஸஸ்'.

கதை வந்ததும் ஹாஃப்மனுக்குக் கோபம். ஊரே அவரைத்தானே பார்க்கும். ஒன்றரை வருடம் பேச்சுவார்த்தை கிடையாது. அப்புறம் மனசு இளகி, அவரே ஒரு சினிமாப் பத்திரிகையில் எழுதிவந்த பத்தியில், லேமன் நல்ல திரைக்கதை எழுத்தாளராக வருவார் என்று ஒரு வரி எழுதினார். சில நாளில் பாராமவுன்ட்டிலிருந்து அழைப்பு. எந்தத் தொழிலைக் கிழித்து எழுதினாரோ அந்தத் தொழிலின் வரியால்தான் வாழ்க்கையே திரும்பியது.

அந்தப் படத்தை லேமனே இயக்குவதாக இருந்தது. பணம் போட்டவர்கள் பின்வாங்கினார்கள், அலெக்சாண்டர் மெக்கென்ட்ரிக் வந்தார். தயாரிப்பில் இருந்த பர்ட் லங்காஸ்டர் கூட்டணியோடு மல்லுக்கட்டி மல்லுக்கட்டி லேமனுக்கு வயிறு கெட்டுப்போனது. எல்லாவற்றையும் போட்டுவிட்டு இங்கிருந்து கிளம்பு என்று மருத்துவர் சொல்ல, டஹிட்டித் தீவுக்குப் போய்விட்டார். நாடகாசிரியர் க்ளிஃபர்ட் ஓடெட்ஸ் வந்து மீதியை எழுதினார். படப்பிடிப்பு ஒரு பக்கம் நடக்க, அவர் ஒரு பக்கம் வசனத்தைத் தட்டிக்கொண்டிருந்தார்.

நடுஇருக்கை

ரீல் சார், அந்தப் படத்தின் தேள்கொடுக்கு வசனத்தில் ஓடெட்ஸ் பங்கு அதிகம். அதைச் சொல்லாமல் விட்டால் கல்லாப்பெட்டி நம்மை விடமாட்டார்.

பழையரீல்

உண்மை. உலகம் லேமனுடையது, நாக்கு ஓடெட்ஸுடையது என்று வைத்துக்கொள்வோம். வந்தபோது படம் ஓடவில்லை. இன்று அமெரிக்க அரசின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இருக்கிறது.

கல்லாப்பெட்டி

பாருங்கள், இதிலும் பாதி ஆளைத்தான் காட்டினீர்கள்.

நடுஇருக்கை

முழு ஆள் வேண்டுமா? 'நார்த் பை நார்த்வெஸ்ட்' (1959). நாடகம் இல்லை, நாவல் இல்லை. அது பிறந்ததே ஒரு வேடிக்கை.

எம்ஜிஎம் நிறுவனம் இயக்குநர் ஹிட்ச்காக்கையும் லேமனையும் 'தி ரெக் ஆஃப் த மேரி டியர்' என்ற கடல் நாவலைப் படமாக்கச் சொன்னது. இரண்டு பேரையும் சேர்த்துவைத்தவர் இசையமைப்பாளர் பெர்னார்ட் ஹெர்மன். தினமும் உட்கார்ந்தார்கள். சாப்பாடு, ஒயின், ஊர்க்கதை எல்லாம் பேசினார்கள். நாவலை மட்டும் பேசவில்லை. ஒரு கட்டத்தில் லேமன், எனக்கு இது வரவில்லை, வேறு ஆளைப் பாருங்கள் என்றார். ஹிட்ச்காக், நமக்குள் நன்றாக ஒத்துப்போகிறது, வேறு ஏதாவது செய்வோம் என்றார். கம்பெனிக்கு என்ன பதில் என்று கேட்டால், சொல்லாமல் இருப்போம் என்பதுதான் திட்டம். மேரி டியரை அப்புறம் வேறு ஆட்கள் எடுத்தார்கள்.

ஹிட்ச்காக் படம் என்றால் இதுதான், இதற்கு மேல் ஒன்று இல்லை என்று சொல்லும்படி ஒரு படம் எழுதவேண்டும் என்பது லேமன் ஆசை. ஹிட்ச்காக்கிடம் இருந்தது துண்டு துண்டான காட்சிகள். மவுண்ட் ரஷ்மோர் மலையில் செதுக்கிய ஜனாதிபதிகளின் முகத்தில் ஒரு துரத்தல். ஐ.நா. சபையில் ஒரு கொலை. கதை கிடையாது. கல்லாப்பெட்டி இங்கே குறுக்கே வருவார், யோசனை ஹிட்ச்காக்குடையதுதானே என்று. வரட்டும், அதற்குத்தான் ஒரே ஒரு காட்சியை எடுத்துக்கொள்கிறேன்.

வெட்டவெளியில் ஒரு மனிதன் தன்னந்தனியாக நிற்கிறான், சுற்றி ஒன்றுமே இல்லை, அவனைக் கொல்ல வருகிறார்கள். எதை வைத்து? சூறாவளியை வைத்து. ஹிட்ச்காக் சொன்னது இவ்வளவுதான். லேமன் கேட்டார்: வில்லன்கள் சூறாவளியை எப்படி வரவழைப்பார்கள்? அங்கேதான் எழுத்தாளன் இருக்கிறான். வானத்திலிருந்து வரவேண்டும், ஆனால் மனிதன் அனுப்பியதாக இருக்கவேண்டும். பேசிப் பேசி, வயலுக்கு மருந்தடிக்கும் விமானத்தில் வந்து நின்றார்கள்.

இப்போது காட்சியைப் பாருங்கள். கதாநாயகன் கேரி கிராண்ட் பஸ்ஸிலிருந்து இறங்குகிறார். நல்ல சாம்பல் நிற சூட். கதைப்படி இண்டியானா, எடுத்தது கலிஃபோர்னியாவின் பேக்கர்ஸ்ஃபீல்ட் பக்கம். ஒரு கார் போகிறது. இன்னொரு கார் போகிறது. ஒரு லாரி புழுதியை வாரி முகத்தில் இறைத்துவிட்டுப் போகிறது. நேரம் போகிறது, போகிறது. எதிர்ப்பக்கம் ஒரு வண்டி ஒருவரை இறக்கிவிடுகிறது. சாலைக்கு அந்தப்பக்கம் அவர், இந்தப்பக்கம் இவர், இரண்டு பேரும் கையை வைத்துக்கொள்ளத் தெரியாமல் நிற்கிறார்கள். பெண் பார்க்க வந்த வீட்டில் சம்பந்திகள் நிற்பது மாதிரி. கடைசியில் இவர் கடந்து போய்ப் பேச்சுக் கொடுக்கிறார். அவர் பஸ்ஸுக்கு வந்த உள்ளூர் ஆள். பஸ் வருகிறது. ஏறப்போகிறவர் போகிறபோக்கில் ஒன்று சொல்கிறார்: அந்த விமானம் பயிரே இல்லாத இடத்தில் மருந்தடிக்கிறது. ஏறிப் போய்விட்டார்.

அந்த ஒரு வரி போதும். அதற்குப் பிறகு விமானம் தாழ வரும், சுடும், சோளக்கொல்லைக்குள் ஓடி ஒளிந்தால் மேலிருந்து மருந்தைக் கொட்டி வெளியே துரத்தும். இதில் இசை எங்கே என்று தேடிப்பாருங்கள். விமானம் எண்ணெய் லாரியில் மோதி வெடிக்கும் வரை ஹெர்மன் ஒரு சுரம்கூட வாசிக்கவில்லை.

தாரா_எஸ்

இசை இல்லாததைச் சொன்னதற்கு நன்றி. எத்தனை தடவை பார்த்திருக்கிறேன், உறைக்கவே இல்லை!

பழையரீல்

லேமன் அறைக்குள் உட்கார்ந்து எழுதுகிறவர் இல்லை என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். கதாநாயகன் போன வழியிலேயே போய்ப் பார்த்தார். ஐ.நா. கட்டடம், அப்புறம் லாங் ஐலண்டின் க்ளென் கோவ். குடித்துவிட்டு வண்டி ஓட்டியவனை என்னென்ன செய்வீர்கள் என்று அந்த ஊர் நீதிபதியையே கேட்டு, ஒவ்வொரு படியாக நடத்திக் காட்டச் சொன்னார். அப்புறம் சிகாகோ ரயில். கடைசியில் தெற்கு டகோட்டா. மவுண்ட் ரஷ்மோர் உச்சியைப் பார்க்காமல் எப்படி எழுதுவது என்று ஒரு வனக்காவலரைக் கூட்டிக்கொண்டு ஏறினார். பாதி மலையில் தலை சுற்றிவிட்டது. நான் எழுத்தாளன், எனக்கு இது எதற்கு என்று தோன்றி, போலராய்ட் கேமராவை அந்தக் காவலர் கையில் கொடுத்து, மேலே என்ன இருக்கிறதோ எல்லாவற்றையும் படம் பிடித்துக்கொண்டு வா என்று சொல்லிவிட்டு இறங்கிவிட்டார். படத்தில் நாம் பார்ப்பது ஸ்டூடியோவில் கட்டிய மலை.

கேரி கிராண்ட் படப்பிடிப்பில் ஹிட்ச்காக்கிடம் புலம்பினாராம், மூன்றில் ஒரு பங்கு எடுத்தாயிற்று, இன்னும் எனக்குத் தலையும் புரியவில்லை வாலும் புரியவில்லை என்று. குழம்பிப்போன மனிதன்தான் அந்தக் கதாபாத்திரம். அவருக்கே தெரியாமல் வசனத்தைப் பேசிக்கொண்டிருந்திருக்கிறார்.

அந்த வருட ஆஸ்கர்? பரிந்துரையோடு சரி. விருது 'பில்லோ டாக்' படத்துக்கு.

இடைவேளைமுறுக்கு

பில்லோ டாக்கா! இதற்குக் கல்லாப்பெட்டி அண்ணன்கூடக் கோபப்பட வேண்டும்.

கல்லாப்பெட்டி

படுகிறேன் தம்பி. விமானக் காட்சிக்குத் தலை வணங்குகிறேன். அந்த "எப்படி வரவழைப்பார்கள்" என்ற கேள்வி ஒன்று போதும்.

ஆனால் நீங்கள் யாரும் தயாரிப்பாளர் லேமனைத் தொடவில்லை. நான் கொஞ்ச காலம் ஒரு படக் கம்பெனியில் கணக்கு எழுதியவன், கண் அங்கேதான் போகும். 'வர்ஜீனியா வுல்ஃப்' (1966) அவர் தயாரித்த முதல் படம். நாடக உரிமைக்கே வார்னர் 5 லட்சம் டாலர் கொடுத்தது. அதில் அவர் செய்த துணிச்சல், முப்பதுகளின் தொடக்கத்தில் இருந்த எலிசபெத் டெய்லரை ஐம்பதுகளில் இருக்கும் மார்த்தாவாகப் போட்டது. அழகி என்று உலகமே கொண்டாடிய முகத்தை உப்பவைத்து, தலையைக் கலைத்துவிட்டார்கள். இயக்குநர் மைக் நிக்கல்ஸுக்கு அதுதான் முதல் படம். கறுப்பு வெள்ளை. சென்சார் விதிகளில் இடமே இல்லாத வசை முழுக்க. பயந்த தயாரிப்பாளர் செய்கிற காரியமா இது? 18 வயதுக்குக் குறைந்தவர்கள் பெரியவர் துணையில்லாமல் வரக்கூடாது என்று போட்டு வெளியிட்டார்கள். இரண்டு வருடத்தில் பழைய சென்சார் விதியே போய் வயதுவாரிச் சான்றிதழ் வந்துவிட்டது. 13 பரிந்துரை, 5 விருது. டெய்லருக்கு உண்டு, லேமனுக்கு வழக்கம்போல.

இன்னொன்றும் சொல்லவேண்டும். லேமனின் ஆரம்ப வரைவு ஒன்றில், நாடகத்தில் கற்பனையாக வரும் மகனை நிஜ மகனாக ஆக்கியிருந்தாராம். நிக்கல்ஸ் வேண்டாம் என்றார். நல்லவேளை. அதனால் ஆல்பியின் இரண்டு வரிக் கிண்டலை நான் இப்போது வேறு மாதிரி படிக்கிறேன். இருப்பதை அப்படியே விடுவதற்கும் ஒரு கை வேண்டும், லேமனுக்கு அது கொஞ்சம் தாமதமாக வந்தது.

அடுத்து 'ஹலோ, டாலி!' (1969). இதில் கணக்குப்பிள்ளை மனசு பதறுகிறது. நியூயார்க்கின் பழைய 14ஆம் தெருவை ஃபாக்ஸ் வளாகத்தில் கட்டினார்கள். அந்தத் தெருவுக்கு மட்டும் 20 லட்சம் டாலர் போல. மொத்தம் ஏறக்குறைய இரண்டரைக் கோடி டாலர். பார்பரா ஸ்ட்ரைசாண்டும் வால்டர் மாத்தாவும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கமாட்டார்கள், ஆனால் காதலர்கள். கூட்டம் வந்தது, போட்ட பணம் வரவில்லை. அதோடு பெரிய பாட்டுப் படங்களின் காலம் மலையேறியது.

தாரா_எஸ்

ஜாஸ் பாடகர் லூயி ஆர்ம்ஸ்ட்ராங் வருகிற அந்த ஒரு நிமிடத்துக்கு எத்தனை லட்சம் வேண்டுமானாலும் போடலாம் சார்.

இடைவேளைமுறுக்கு

நம்ம ஊர் 'சாந்தி நிலையம்' சவுண்ட் ஆஃப் மியூசிக் சாயல்தானே? அப்போது லேமனுக்கு கோடம்பாக்கத்திலும் ஒரு பங்கு உண்டு!

பழையரீல்

சாயல் உண்டு. மார்கஸ் பார்ட்லியின் ஒளிப்பதிவுக்குத் தேசிய விருதும் கிடைத்த படம். ஆனால் அதற்கு இன்னொரு இழை போடுங்கள், இங்கே கிளம்பினால் விடிந்துவிடும்.

லேமனின் மீதிக் கதை சுருக்கம்தான். 1972ல் 'போர்ட்நாய்ஸ் கம்ப்ளெய்ன்ட்' ஒன்றை மட்டும் இயக்கினார், விமர்சகர்கள் துவைத்துக் காயப்போட்டார்கள். எனக்கும் பிடிக்கவில்லை. 1976ல் ஹிட்ச்காக்கின் கடைசிப் படமான 'ஃபேமிலி ப்ளாட்' எழுதினார். எண்பதுகளில் எழுத்தாளர் சங்கத்தின் மேற்குப் பிரிவுக்குத் தலைவர். சக எழுத்தாளர்களின் அந்தச் சங்கம் அவருக்கு விருது கொடுத்துக்கொண்டேதான் இருந்தது. ஆஸ்கர் 2001ல்தான் கௌரவ விருதாக வந்தது. திரைக்கதை எழுத்தாளர் ஒருவருக்கு அந்தக் கௌரவம் அதுவே முதல் முறை. மேடையில் கொடுத்தவர் ஜூலி ஆண்ட்ரூஸ். அப்போது லேமனுக்கு வயது 85.

நடுஇருக்கை

புல்லில் விழுந்து எழுந்த அதே ஜூலி.

இடைவேளைமுறுக்கு

நேற்று ராத்திரி மகளோடு உட்கார்ந்து 'நார்த் பை நார்த்வெஸ்ட்' பார்த்தேன். ரயிலில் கதாநாயகி ஈவா மேரி செயின்டின் வாய் ஒன்று சொல்கிறது, குரல் இன்னொன்று சொல்கிறது. வெறும் வயிற்றில் காதல் 'பண்ணுவதில்லை' என்பதைக் காதல் 'பேசுவதில்லை' என்று மாற்றி ஒட்டியிருக்கிறார்கள். சென்சாருக்காக என்று இங்கே யாரும் சொல்லவில்லையே?

அது போகட்டும். ரஷ்மோர் மலை உணவகத்தில் அவள் கேரி கிராண்டைச் சுடும் காட்சி. பின்னால் மேசையில் ஒரு சின்னப் பையன், துப்பாக்கி வெடிப்பதற்கு முன்னாலேயே இரண்டு காதையும் விரலால் பொத்திக்கொள்கிறான். மகள்தான் கண்டுபிடித்தாள். நிறுத்தச் சொல்லி, பின்னால் ஓட்டச் சொல்லி, மூன்று தடவை பார்த்தோம். "அப்பா, கேரி கிராண்டுக்குப் புரியவில்லை என்றாயே, அந்தப் பையன் திரைக்கதையை முழுசாகப் படித்திருக்கிறான்" என்றாள்.

நடுஇருக்கை

நீலச் சட்டைப் பையன். நான் முதல் தடவை பார்த்தபோது தவறவிட்டேன்.